திருகோணமலையில் மனித உரிமை முறைப்பாடுகள் எங்கே தவறிப்போகின்றன

ஒருவர் பொலிஸ் நிலையத்தில் அடிபட்டு வந்தால், தெரிந்த பெரிய மனிதர் ஒருவரைப் பிடித்துப் பேசித் தீர்க்கப் பார்ப்பதே எங்கள் ஊரில் முதலில் நடக்கும் காரியம். பேச்சு இழுபட்டு, காயம் ஆறி, வைத்தியசாலைத் துண்டும் தொலைந்த பிறகுதான் இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகம் நினைவுக்கு வருகிறது. அதற்குள் ஒரு மாதம் போயிருக்கும். அந்த ஒரு மாதத்தை விடுவதே எல்லாவற்றிலும் பெரிய தவறு.

அரசியலமைப்பின் 126 ஆம் உறுப்புரைப்படி, அடிப்படை உரிமை மீறல் மனுவை ஒரு மாதத்துக்குள் கொழும்பு புதுக்கடையில் உள்ள உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்ய வேண்டும். வெருகலிலோ குச்சவெளியிலோ இருக்கும் ஒரு கூலித் தொழிலாளிக்கு அது எளிதல்ல. ஆனால் அதே ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் அந்தக் கணக்கில் சேராது என்று ஆணைக்குழுவை அமைத்த 1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டத்தின் 13 ஆம் பிரிவு கூறுகிறது. முறைப்பாட்டைக் கொடுத்ததோடு நேரம் நின்றுவிட்டதென எண்ணி வீட்டுக்குப் போவதும் தவறே. முறைப்பாடு கொடுத்திருப்பது மட்டும் போதாது, விசாரணை உண்மையாகவே நடைபெறுவதைக் காட்ட வேண்டும் என்று உயர் நீதிமன்றம் தீர்ப்புகளில் கூறியிருக்கிறது. ஆகவே முறைப்பாட்டு எண்ணையும், விசாரணை தொடங்கியதைக் காட்டும் கடிதத்தையும் கேட்டு வாங்கிக்கொண்டு, மாதம் முடியுமுன் ஒரு சட்டத்தரணியிடமும் காட்டிவிடுவது நல்லது.

ஆணைக்குழுவை நீதிமன்றம் என்று எண்ணிப் போய், ஏமாந்து, பிறகு அந்தப் பக்கமே தலைவைக்காமல் இருப்பவர்களும் உண்டு. ஆணைக்குழு யாரையும் சிறைக்கு அனுப்பாது. விசாரித்துப் பரிந்துரைக்கும், பரிந்துரையை அதிகாரி அலட்சியம் செய்தால் ஜனாதிபதிக்கு அறிக்கையிடும், அது நாடாளுமன்றத்தில் சமர்ப்பிக்கப்பட வேண்டும். அதன் சுதந்திரம் குறித்த ஐயங்களால் 2007 இல் தேசிய மனித உரிமை நிறுவனங்களுக்கான சர்வதேச அங்கீகாரத்தில் ‘பி’ நிலைக்கு இறக்கப்பட்டு, 2018 இல்தான் ‘ஏ’ நிலையை மீளப் பெற்றது என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. ஆனாலும் தடுத்துவைக்கப்பட்டிருக்கும் இடங்களுக்குள் நுழைந்து பார்க்கும் அதிகாரம் அதற்கு உண்டு. பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் ஒருவரைக் கைது செய்தால், 48 மணித்தியாலங்களுக்குள் கைதையும் தடுத்துவைத்திருக்கும் இடத்தையும் ஆணைக்குழுவுக்கு அறிவிக்க வேண்டும் என்று ஆணைக்குழுச் சட்டத்தின் 28 ஆம் பிரிவு கட்டாயப்படுத்துகிறது. மகனைத் தேடி ஒவ்வொரு பொலிஸ் நிலையமாக அலையும் தாய், அதற்கு முன் ஆணைக்குழுவின் 1996 என்ற அவசர இலக்கத்துக்கு அழைத்திருக்கலாம்.

2022 இல் மட்டும் ஏப்ரல், மே, ஜூலை என மூன்று முறை அவசரகால நிலை பிரகடனப்படுத்தப்பட்டது. மே மாதத்தில் முன்னாள் பிரதமர் மகிந்த ராஜபக்ச எங்கள் கடற்படைத் தளத்தில் தஞ்சமடைந்ததாகக் கேள்விப்பட்டு மக்கள் வாசலில் கூடியதும் அந்த நாட்களில்தான். ‘அவசரகாலத்தில் உரிமை ஏது’ என்று அப்போது பலர் வாயடைத்திருந்தார்கள். கூட்டம் கூடுவது போன்ற சில உரிமைகளைச் சட்டத்தால் மட்டுப்படுத்தலாம் என்பது உண்மை. ஆனால் சித்திரவதையைத் தடைசெய்யும் அரசியலமைப்பின் 11 ஆம் உறுப்புரைக்கு எந்தக் காலத்திலும் விலக்கு இல்லை.

முகவரி மாறிப்போவதும் உண்டு. ஆணைக்குழு பார்ப்பது அரச அதிகாரத்தின் செயலைத்தான். அயலவரோடு எல்லைத் தகராறு, நுண்கடன் வசூலிப்பவரின் தொல்லை ஆகியவற்றை அங்கே கொண்டுபோனால் திரும்பி வரத்தான் வேண்டும். ஆனால் அந்தத் தொல்லையைப் பற்றிய முறைப்பாட்டைப் பொலிஸார் பதிய மறுத்தால், அந்த மறுப்பு அரச அதிகாரியின் செயலாகிவிடுகிறது. இந்த நுணுக்கம் பலருக்குத் தெரிவதில்லை.

சிங்களத்தில் எழுதப்பட்ட வாக்குமூலத்தில், என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமல் கையொப்பமிடுவது எங்கள் மாவட்டத்தின் பழைய நோய். தமிழில் எழுதும்படி கேட்பது சலுகை கேட்பதல்ல. தமிழும் அரசகரும மொழியே. முறைப்பாட்டை எழுதும்போதும் ‘எங்களுக்கு அநியாயம் நடந்தது’ என்று பக்கம் பக்கமாக எழுதுவதைவிட, திகதி, நேரம், இடம், சீருடையில் கண்ட இலக்கம், பார்த்தவர் யார், வைத்தியசாலையின் எந்த விடுதியில் சிகிச்சை என்ற விவரங்கள் ஒரே பக்கத்தில் இருப்பது விசாரணை அலுவலருக்கு உதவும்.

காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பங்கள் விடயத்தில் தவறு என்ற சொல்லைப் பயன்படுத்தவே தயக்கமாக இருக்கிறது. எத்தனை ஆணைக்குழுக்கள் முன் சாட்சி சொல்லிக் களைத்தவர்கள் அவர்கள். ஆயினும் 2016 ஆம் ஆண்டின் 14 ஆம் இலக்கச் சட்டத்தால் அமைந்த காணாமல்போனோர் பற்றிய அலுவலகம் தேடிக் கண்டறிவதற்கானது, குற்றவாளியைத் தண்டிப்பதற்கானதல்ல என்பதை அறிந்தே அங்கு போக வேண்டும். ஜெனீவாவில் ஐ.நா. மனித உரிமைகள் பேரவை நிறைவேற்றும் தீர்மானங்களும் அப்படித்தான்: 2021 இன் 46/1 தீர்மானம் சாட்சியங்களைத் திரட்டிப் பாதுகாக்க வழிசெய்தது, இழப்பீடு வழங்க அல்ல. ஜெனீவாவுக்கு அனுப்பிவிட்டோம் என்று உள்ளூர் முறைப்பாட்டைக் கைவிட்டவர்களுக்கு இரண்டுமே கைநழுவியிருக்கின்றன.

மூலப்பத்திரத்தை யாரிடமும் கொடுத்துவிடாதீர்கள். பிரதியை மட்டும் கொடுத்து, இன்னொரு பிரதியை வேறு ஊரிலுள்ள உறவினர் வீட்டில் வையுங்கள். 2004 கடற்கோளும் 2006 ஓகஸ்ட் மூதூர் இடப்பெயர்வும் கண்ட மாவட்டத்தில் ஒரே அலுமாரியை நம்பியிருக்க முடியாது.