ஆதனவரி எவ்வளவு வரும்? திருகோணமலை வீட்டுக்காரர் தாமே கணக்குப் போடும் முறை

"வீடு இரண்டு கோடி போகும், அப்படியென்றால் வருஷத்துக்குச் சோலைவரி எவ்வளவு வரும்?" என்று ஆதனவரியைப் பற்றிக் கேட்பவர்கள் பலர். அந்த இரண்டு கோடியை வைத்து இந்தக் கணக்கைப் போடவே முடியாது. எங்கள் நாட்டில் உள்ளூராட்சி சபைகள் அறவிடும் ஆதனவரிக்கு அடிப்படை வீட்டின் விற்பனை விலை அல்ல, சபையின் பதிவேட்டில் எழுதப்பட்டிருக்கும் ஆண்டுப் பெறுமதி. அந்த இலக்கம் கையில் இருந்தால் மிச்சம் இரண்டு நிமிட வேலை. அது இல்லாதபோது எப்படி அண்ணளவாக எடுப்பது என்பதற்குத்தான் இங்கே கூடுதல் இடம்.

வாய்ப்பாடு இதுதான்: ஆண்டுப் பெறுமதி × அந்த ஆண்டுக்கான வரி வீதம் = ஆண்டு வரி. நான்கால் பிரித்தால் ஒரு காலாண்டுத் தொகை.

கணக்குக்கு முன்னர் உங்கள் வீடு எந்தச் சபைக்குள் வருகிறது என்பதை உறுதிசெய்யுங்கள். உவர்மலை, மத்திய வீதி, என்.சி. வீதி போன்ற இடங்கள் நகரத்தின் சபைக்குள். உப்புவெளி, சாம்பல்தீவுப் பக்கம் பட்டினமும் சூழலும் பிரதேச சபை. எல்லையோர ஒழுங்கைகளில் எதிர்வீட்டுக்காரரின் வரி அறிவித்தல் துண்டைப் பார்த்து முடிவெடுக்க வேண்டாம், கிராம உத்தியோகத்தரிடம் கேளுங்கள். பிரதேச சபைப் பகுதி முழுவதற்கும் ஆதனவரி கிடையாது. அபிவிருத்தியடைந்த பகுதி என்று பிரகடனம் செய்யப்பட்ட இடங்களில் உள்ள வீடுகளுக்கே வரும். அதற்கு வெளியே இருக்கும் பயிர்க்காணிகளுக்கு ஏக்கர் வரி என்ற வேறு கணக்கு உண்டு. வளவு அந்தப் பிரகடனத்துக்குள் வருகிறதா என்பதைச் சபையின் வருமானப் பிரிவு சொல்லும்.

அடுத்தது வீதம். இது சபைக்குச் சபை வேறுபடும். வீட்டுக்கு ஒன்று, வியாபாரத்துக்கு அதைவிடக் கூடிய இன்னொன்று என்று வைப்பது வழக்கம். சபை தீர்மானம் நிறைவேற்றி வர்த்தமானியில் அறிவிக்கிறது. வெள்ளிக்கிழமைகளில் வரும் வர்த்தமானியின் நான்காம் பகுதி (ஆ), உள்ளூராட்சி அறிவித்தல்களுக்கு உரியது. அதைத் தேடச் சோம்பலாக இருந்தால் சபையின் அறிவித்தல் பலகையைப் பாருங்கள், அல்லது வருமானப் பரிசோதகரிடம் நேரே கேளுங்கள். கீழே வரும் உதாரணங்களில் வீட்டுக்கு 6%, கடைக்கு 10% என்று வைத்திருக்கிறோம். இவை கணக்கை விளக்க எடுத்த இலக்கங்கள் மட்டுமே, உங்கள் சபையின் வீதத்தை அந்த இடத்தில் போட்டுக்கொள்ளுங்கள்.

இனி ஆண்டுப் பெறுமதி. பழைய வரி அறிவித்தல் ஒன்று வீட்டில் இருந்தால் அதிலேயே மதிப்பீட்டு இலக்கமும் (பதிவேட்டில் அந்த வீட்டுக்குரிய எண்) ஆண்டுப் பெறுமதியும் அச்சாகியிருக்கும். வீடு வாங்குபவர் விற்பவரிடம் உறுதியோடு சேர்த்துக் கேட்க வேண்டிய முதல் தாள் இதுதான். அறிவித்தல் இல்லாவிட்டாலும் மதிப்பீட்டு இலக்கம் தெரிந்தால் சபையில் பதிவேட்டைப் பார்த்துச் சொல்வார்கள். ஆண்டுப் பெறுமதி 60,000 ரூபா என்று வைப்போம். 6% வீதத்தில் ஆண்டு வரி 3,600, காலாண்டுக்கு 900.

புதிதாகக் கட்டிய வீட்டுக்கும் பெருப்பித்த வீட்டுக்கும்தான் சிக்கல், ஏனென்றால் பதிவேட்டில் அந்த இலக்கம் இன்னும் ஏறியிருக்காது. ஆண்டுப் பெறுமதி என்பதற்குச் சட்டம் தரும் பொருளை முதலில் மனதில் வையுங்கள்: வரிகளைக் குடியிருப்பவர் கட்ட, திருத்த வேலைகளை வீட்டுக்காரர் பார்க்க, அந்த நிபந்தனையில் ஒரு வாடகையாளர் வருடமொன்றுக்கு நியாயமாகத் தரக்கூடிய வாடகை. வீட்டில் உண்மையிலேயே வாடகைக்கு ஆள் இருக்க வேண்டும் என்றில்லை. நீங்களே குடியிருந்தாலும், பூட்டிவிட்டுக் கனடாவில் இருந்தாலும் பெறுமதி ஒன்றுதான். ஆளில்லாத காலத்துக்கென்று அதில் எதையும் கழிப்பதில்லை.

இங்கேதான் பெரும்பாலானோர் பிழை விடுகிறார்கள். இன்று அந்த ஒழுங்கையில் மாதம் 30,000 வாடகை போகிறது, 12 ஆல் பெருக்கினால் 360,000, அதில் 6% என்றால் 21,600 என்று எழுதிவிட்டுப் பயந்துபோகிறார்கள். பதிவேட்டில் உள்ள பெறுமதிகள் இன்றைய வாடகையில் எழுதப்பட்டவை அல்ல. சபைப் பகுதி முழுவதையும் விலைமதிப்பீட்டுத் திணைக்களம் ஒரு காலத்தில் ஒன்றாக மதிப்பிட்டிருக்கும். ஐந்து வருடங்களுக்கு ஒருமுறை புதுப்பிப்பது என்பது பொது விதி, நடைமுறையில் அது தள்ளிப்போவதும் உண்டு. இடையில் கட்டப்படும் வீடு அக்கம்பக்கத்து வீடுகளோடு ஒத்துப்போகும் பெறுமதியிலேயே ஏறும் என்று எதிர்பார்ப்பது நியாயம். ஆகவே நம்பத்தக்க வழி, வாடகையை விட்டுவிட்டு அயல்வீட்டுத் துண்டை எடுப்பதுதான்.

அயல்வீட்டை வைத்துக் கணிப்பது இப்படி. ஒரே வீதியில், ஒரே மாதிரியான கட்டடமாக, கடைசிப் பொது மதிப்பீட்டின்போது இருந்த வீடுகள் இரண்டு மூன்றைத் தெரிவுசெய்யுங்கள். அவற்றின் ஆண்டுப் பெறுமதியையும் தளப் பரப்பையும் கேட்டு எழுதுங்கள். பரப்பை வெளிச்சுவரோடு அளந்த சதுர அடியில் எடுங்கள். வரைபடம் சதுர மீற்றரில் இருந்தால் 10.764 ஆல் பெருக்குங்கள். பெறுமதியைப் பரப்பால் வகுத்தால் சதுர அடிக்கு எவ்வளவு என்பது வரும்.

உதாரணத்துக்கு, பக்கத்து வீடு 1,000 சதுர அடி, ஓட்டுக்கூரை, ஆண்டுப் பெறுமதி 48,000. சதுர அடிக்கு 48 ரூபா. உங்கள் வீடு மொத்தம் 1,400 சதுர அடி, அதில் 1,200 ஓட்டுக்கூரையும் சீமெந்துச் சுவரும், மிச்சம் 200 பின்பக்கம் இறக்கிய தகரப் பத்தி. பத்தியை அதே விலையில் போடுவது சரியல்ல, பாதி விலை வைத்தால் போதும்.

1,200 × 48 = 57,600
200 × 24 = 4,800
மொத்த ஆண்டுப் பெறுமதி 62,400
6% வரி 3,744, காலாண்டுக்கு 936

மூன்று வீடுகளின் சதுர அடி விலை 44, 48, 57 என்று வந்தால் சராசரி எடுக்க அவசரப்பட வேண்டாம். 57 ஏன் வந்தது என்று பாருங்கள். கொங்கிரீட் மேல்மாடியோ, பிரதான வீதி முகப்போ, கூடுதல் குளியலறையோ இருக்கும். அது உங்கள் வீட்டிலும் இருந்தால் 57 பக்கம் போங்கள், இல்லாவிட்டால் விட்டுவிடுங்கள். வாடகையை உயர்த்துவது எதுவோ அதுவே பெறுமதியையும் உயர்த்தும். வாகனம் உள்ளே வரும் அகலமான பாதை, குழாய்த் தண்ணீர், மின்சாரம், மதில், அறைகளோடு இணைந்த குளியலறை எல்லாம் இதில் அடங்கும். பெரிய வளவு கொஞ்சம் கூட்டும். ஆனால் 20 பேர்ச் காணியிலுள்ள வீடு 10 பேர்ச் காணியிலுள்ள அதே வீட்டைவிட இரண்டு மடங்கு வாடகைக்குப் போகாது, வரியும் இரண்டு மடங்காகாது.

ஒப்பிட வீடே இல்லாதபோதும், பொது மறுமதிப்பீடு நடக்கும் வருடத்திலும் வாடகையிலிருந்து கணிக்கலாம். அப்போதும் கையில் வரும் வாடகையை அப்படியே போட வேண்டாம். மாதம் 30,000 இல் தண்ணீர், மின்கட்டணத்துக்கென்று 3,000 சேர்ந்திருந்தால் அதைக் கழியுங்கள்: 27,000 × 12 = 324,000. தளபாடத்தோடு விட்ட வீடென்றால் அதற்கான பங்கையும் கழியுங்கள். எங்கள் ஊரில் ஆதனவரியை வீட்டுக்காரரே கட்டுவது வழக்கம், ஆகவே அந்த 324,000 க்குள் வரியும் ஒளிந்திருக்கிறது. சட்டம் சொல்லும் வாடகையோ வரியைக் குடியிருப்பவர் தனியாகக் கட்டும் வாடகை. வரி வீதம் 6% என்றால் 324,000 ஐ 1.06 ஆல் வகுக்க வேண்டும்: அண்ணளவாக 305,660. வரி 18,340. முதலில் போட்ட 21,600 ஐவிட 3,260 குறைவு. பெரிய முற்பணம் வாங்கி மாத வாடகையைக் குறைத்த வீடுகளில் நிலைமை எதிர்மாறு, சந்தை வாடகை என்னவோ அதை எடுங்கள். இப்படி வரும் இலக்கத்தை மேல் எல்லையாக மட்டும் வைத்துக்கொள்வது நல்லது. மறுமதிப்பீட்டில் பெறுமதி பலமடங்கு ஏறும்போது சபை வீதத்தைக் குறைக்கவும் கூடும், இரண்டு இலக்கங்களும் தெரிந்த பிறகே கவலைப்படலாம்.

முன்னறையைக் கடையாக்குகிறவர்களும் கடற்கரைப் பக்கத்தில் அறைகளைச் சுற்றுலாப் பயணிகளுக்கு விடுகிறவர்களும் வேறு கணக்குப் போட வேண்டும். மேலே சொன்ன 1,400 சதுர அடி வீட்டில் 200 சதுர அடி முன்னறை கடையாகிறது என்று வையுங்கள். அந்தப் பகுதியின் கடை வாடகை சதுர அடிக்கு ஆண்டொன்றுக்கு 120 என்றால் 24,000, அதற்கு 10% என்றால் 2,400. வீடாக மிஞ்சும் பகுதி 1,000 × 48 உம் பத்தியின் 4,800 உமாக 52,800, அதற்கு 6% என்றால் 3,168. மொத்தம் 5,568, முன்பைவிட 1,824 கூட. வியாபார அனுமதிப்பத்திரக் கட்டணம் இதில் அடங்காது. கடையை மூடினால் சபைக்கு எழுத்தில் அறிவியுங்கள். பதிவேட்டில் கடை என்றே கிடந்தால் கூடிய வீதம் வருடக்கணக்காக ஓடும், யாரும் தாமாக வந்து மாற்றித் தரமாட்டார்கள்.

கழிவைப் பற்றி: முழு ஆண்டு வரியையும் ஜனவரி 31 க்குள் கட்டினால் 10% கழிவு. காலாண்டுக்குக் காலாண்டு கட்டுகிறவர் அந்தந்தக் காலாண்டின் முதல் மாதத்துக்குள் கட்டினால் 5%. 3,600 ரூபா வரியில் முதலாவது வழியில் 3,240, இரண்டாவதில் 3,420. தவணைகள் மார்ச் 31, ஜூன் 30, செப்டெம்பர் 30, டிசம்பர் 31 இல் முடிகின்றன. தவறினால் வாரண்ட் செலவு சேரும், தொடர்ந்து கட்டாவிட்டால் அசையும் சொத்தையும் பிறகு ஆதனத்தையும் பற்றி விற்கும் அதிகாரம் சபைக்கு உண்டு. நிலுவை இருக்கும்போது கழிவை எதிர்பார்க்க வேண்டாம், கட்டும் காசு முதலில் நிலுவைக்கே போகும். வெளிநாட்டில் இருப்பவர்கள் மார்கழியிலேயே உறவினர் ஒருவரிடம் மதிப்பீட்டு இலக்கத்தையும் காசையும் கொடுத்துவிடுவது மிகவும் நல்லது. இருபது வருடம் கட்டாமல் கிடந்து, காணி விற்கும் நேரத்தில் மொத்தமாக வந்து நிற்கும் தொகையைவிட இது எவ்வளவோ இலகு.

வீடு வாங்குபவர்களுக்கு ஒரு முக்கிய விஷயம்: உறுதி எழுதியதோடு சபைப் பதிவேட்டில் பெயர் மாறாது. உறுதியின் பிரதி, நில அளவை வரைபடம், கடைசியாகக் கட்டிய பற்றுச்சீட்டு ஆகியவற்றோடு தனியே விண்ணப்பிக்க வேண்டும். பழைய நிலுவை ஆதனத்தோடு ஒட்டியே வரும், ஆகவே முற்பணம் கொடுப்பதற்கு முன்னர் நிலுவை இல்லை என்பதைச் சபையில் எழுத்தில் வாங்குங்கள். அனுமதிப்பத்திரக் காணியில் (உறுதி இல்லாமல், அரச அனுமதிப்பத்திரத்தில் பெற்ற காணி) இருப்பவர்களும் வரி கட்டுகிறார்கள். கட்டுவது நல்லது, ஆனால் அந்தப் பற்றுச்சீட்டு உறுதிக்கு ஈடாகாது.

புதிய பெறுமதி குறித்த அறிவித்தல் கைக்கு வந்ததும் உங்கள் கணக்கோடு ஒப்பிடுங்கள். பத்து, பதினைந்து வீத வித்தியாசம் சாதாரணம். இரண்டு மடங்கு வந்திருந்தால் எங்கோ பிழை இருக்கிறது: பரப்பைக் கூட்டி எழுதியிருப்பார்கள், இடித்த கட்டடம் இன்னும் கணக்கில் இருக்கும், அல்லது வீடு கடையாகப் பதிவாகியிருக்கும். அறிவித்தலில் குறித்த கடைசித் திகதிக்குள் எழுத்தில் ஆட்சேபம் கொடுக்க வேண்டும். அந்தத் திகதி போனால் நியாயம் எவ்வளவு இருந்தாலும் அடுத்த மதிப்பீடு வரைக்கும் அந்த இலக்கத்தோடு இருக்க நேரலாம். வரி கூடிவிட்டது, வருமானம் இல்லை என்று எழுதினால் எடுபடாது. அளந்த பரப்பு, வரைபடம், கூரையும் சுவரும் தெரியும் படங்கள், ஒத்த வீடுகள் இரண்டு மூன்றின் மதிப்பீட்டு இலக்கங்களும் ஆண்டுப் பெறுமதிகளும் என்று வையுங்கள். பெயருக்குக் கீழே உங்கள் மதிப்பீட்டு இலக்கத்தை எழுதி, பிரதியொன்றில் சபையின் திகதி முத்திரையை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். விசாரணைக்கு அழைக்கும் நாளில் அந்தப் பிரதியோடு போங்கள். முடிவு வரும்வரை பழைய பெறுமதிப்படியாவது காலாண்டுத் தொகையைக் கட்டிக்கொண்டே இருந்தால் பெரிய நிலுவை சேராது.