தேசிய தடகளப் போட்டி: ஓடும் முன்பே தோற்கடிக்கும் தவறுகள்

தேசியப் போட்டி வரை வந்தவருக்கு எப்படி ஓடுவது, தாண்டுவது என்று யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. ஆனாலும் முடிவுப் பட்டியலில் சிலர் பெயருக்கு எதிரே நேரமோ தூரமோ இருக்காது. டிஎன்எஸ், டிக்யூ, என்எம் என்று எழுத்துகள் மட்டும் நிற்கும். வரவில்லை, தகுதி நீக்கம், அளவு பதிவாகவில்லை. பல மாதப் பயிற்சி இப்படி வீணாவது பெரும்பாலும் விதியையும் கடிகாரத்தையும் கவனிக்காததால்தான்.

முதலில் கடிகாரம். அட்டவணையில் பெரிதாகப் போட்டிருப்பது துப்பாக்கி வெடிக்கும் நேரம். போட்டிக்கு முன் வீரர்களை அழைத்துச் சரிபார்க்கும் 'கால் ரூம்' அறையில் நிற்க வேண்டிய நேரம் அதற்கு வெகு முன்பே வந்துவிடும். கோலூன்றித் தாண்டுபவர்களை ஓட்டக்காரர்களைவிட இன்னும் முன்னதாகவே அழைத்துவிடுவார்கள். வார்ம்-அப்பைக் கால் ரூம் நேரத்திலிருந்து பின்னோக்கிக் கணக்கிடுங்கள். கோச் பார்த்துக்கொள்வார் என்று விடாதீர்கள். 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் அமெரிக்காவின் எடி ஹார்ட், ரே ராபின்சன் இருவரும் 100 மீட்டரை 9.9 விநாடியில் ஓடி உலக சாதனையைச் சமன் செய்தவர்களாக வந்திருந்தார்கள். கோச்சின் கையில் இருந்ததோ பழைய அட்டவணை. டிவியில் ஓடுவது காலையில் நடந்த முதல் சுற்று ஹீட்ஸின் மறுஒளிபரப்பு என்று நினைத்துப் பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கு, அது நேரலை என்று தெரிந்தபோது காலம் கடந்துவிட்டது. இருவரும் காலிறுதி ஓடாமலே வெளியேறினார்கள்.

கால் ரூமில் பையைத் திறந்து பார்ப்பார்கள். போன், இயர்போன் உள்ளே போகாது. சின்தடிக் தளத்தில் ஸ்பைக் ஊசி 9 மி.மீ.க்கு மேல் கூடாது. உயரம் தாண்டுதலுக்கும் ஈட்டிக்கும் 12 வரை விடுவார்கள். ஷூவின் அடிப்பாகத் தடிமன் 2024 நவம்பரிலிருந்து டிராக் ஓட்டங்கள் அனைத்துக்கும் 20 மி.மீ.தான். அதற்கு முன் 800 மீட்டரும் அதற்கு மேலும் ஓடுபவர்களுக்கு 25 வரை அனுமதி இருந்தது. அப்போது வாங்கிய ஷூ என்றால் கிளம்பும் முன் ஒருமுறை அளந்துவிடுங்கள்.

பலருக்குத் தெரியாத ஒரு விதி: பங்கேற்பை உறுதி செய்துவிட்டு, தக்க காரணமில்லாமல் ஒரு போட்டிக்கு வராமல் இருந்தால், அந்தத் தொடரில் மிச்சமுள்ள எல்லாப் போட்டிகளிலிருந்தும் நீக்கிவிடலாம், ரிலே உட்பட. 'இன்றைக்கு 200 மீட்டரை விட்டுவிட்டு நாளை ரிலேவுக்குக் காலைக் காப்பாற்றுவோம்' என்ற கணக்கு இங்கே செல்லாது.

ஸ்டார்ட்டில் துப்பாக்கியை ஊகித்து எழுவது அடுத்த தவறு. வெடித்த பின் 0.100 விநாடிக்குள் நகர்ந்தால் ஃபால்ஸ் ஸ்டார்ட். 2022 உலக சாம்பியன்ஷிப்பில் 110 மீட்டர் தடை ஓட்டத்தின் இறுதியில் அமெரிக்காவின் டெவன் ஆலனுக்கு 0.099 காட்டியது, சொந்த நாட்டு ரசிகர்கள் முன்னால் வெளியே அனுப்பினார்கள். ஆயிரத்தில் ஒரு பங்குக்காகவா என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான், ஆனால் விதி அதுதான்.

உயரம், கோலூன்றித் தாண்டுதலில் ஆசை தொடக்க உயரத்திலேயே காலை வாரும். உலக சாம்பியனாக இருந்த டான் ஓ'பிரையன், 1992 அமெரிக்க ஒலிம்பிக் தகுதிப் போட்டியின் டெக்கத்லானில், அதாவது பத்து நிகழ்வுகள் சேர்ந்த போட்டியில், முன்னிலையில் இருந்தார். கோலூன்றித் தாண்டுதலில் கீழ் உயரங்களை விட்டுவிட்டு நேராக 4.80 மீட்டரில் இறங்கி மூன்று முறையும் தட்டினார். அந்த நிகழ்வுக்குப் புள்ளியே இல்லை, பார்சிலோனா ஒலிம்பிக்குக்கும் போகவில்லை. மோசமான நாளிலும் கண்ணை மூடிக்கொண்டு தாண்டும் உயரத்தில் தொடங்குவதில் வெட்கம் எதற்கு? அதற்காக மிகக் கீழேயும் இறங்க வேண்டாம். சமநிலை வந்தால், கடைசியாகத் தாண்டிய உயரத்தில் யாருக்குத் தோல்வி குறைவு, பிறகு அதுவரை மொத்தத்தில் யாருக்குக் குறைவு என்றுதான் பார்ப்பார்கள். எளிய உயரத்தில் ஒரு தட்டல்கூடப் பதக்கத்தை மாற்றும்.

நீளம் தாண்டுபவர்கள் கால் ஊன்றி எழும் பலகையையே நினைத்துக்கொண்டு மணலை மறந்துவிடுகிறார்கள். அளப்பது பலகைக்கு மிக அருகிலுள்ள தடத்திலிருந்து. பாதம் எங்கே விழுந்தாலும், பின்னால் ஊன்றிய உள்ளங்கைதான் கணக்கு. வெளியே வருவதிலும் விதி உண்டு: மணல் பிட்டுக்கு வெளியே வைக்கும் முதல் கால், உங்கள் தடத்தைவிட முன்னால் இருக்க வேண்டும். மணலிலேயே பலகைப் பக்கமாகத் திரும்பி நடந்து வந்தால் நல்ல தாண்டலும் ஃபவுல். குண்டு, வட்டு எறிபவர்கள் வட்டத்தின் பின்பாதி வழியாகத்தான் வெளியேற வேண்டும்.

4x100 ரிலேவில் பேட்டன் என்ற கோலைக் கைமாற்ற வேண்டிய ஸோன் 30 மீட்டர். பேட்டன் எங்கே கைமாறியது என்பதே முக்கியம், ஆள் எங்கே நின்றார் என்பது அல்ல. பேட்டனை வாங்குபவர் எப்போது ஓடத் தொடங்க வேண்டும் என்று காட்டப் பயிற்சியில் ஒட்டிய டேப் குறி, இரண்டு நாள் ஓடிக் களைத்த காலுக்குப் பொருந்தாது. அதை அன்றைக்கே மறுபடி பாருங்கள்.

சளி மாத்திரையை மருந்துக் கடையில் கேட்டு வாங்கிப் போடாதீர்கள். சில மாத்திரைகளில் உள்ள சூடோஎஃபெட்ரின், போட்டிக் காலத்தில் அளவு மீறினால் தடை. அந்தக் காலம் போட்டிக்கு முந்தைய இரவு 11:59க்கே தொடங்கிவிடும்.

அப்புறம், அநியாயம் என்று தோன்றினால் அழுதுகொண்டே வெளியே போய்விடாதீர்கள். ஹாங்சோ ஆசிய விளையாட்டின் தடை ஓட்டத்தில் சீன வீராங்கனை முதலில் நகர்ந்திருக்க, இந்தியாவின் ஜோதி யார்ராஜியையும் வெளியே போகச் சொன்னார்கள். அவர் அங்கேயே நின்று வாதாடினார், ஓட விட்டார்கள், கடைசியில் சீன வீராங்கனையை நீக்கியதால் வெண்கலம் வெள்ளியானது. முடிவு பற்றிய ஆட்சேபத்தை, முடிவு அறிவித்த 30 நிமிடத்துக்குள் சொல்ல வேண்டும். மேல்முறையீட்டைக் கேட்கும் ஜூரியிடம் போவதென்றால் எழுத்தில் கொடுத்துப் பணமும் கட்ட வேண்டும். அந்தப் பணத்தோடு விதி தெரிந்த ஒருவர் மைதானத்திலேயே இருக்கட்டும்.