அன்றாட ஆச்சரியத்தைப் பேசும் புத்தகங்கள்: படிக்கும்போது நாம் செய்யும் தவறுகள்

செங்கோட்டையிலிருந்து புனலூர் போகும் ரயிலில் ஒருமுறை ஆனி டில்லர்டின் ‘பில்கிரிம் அட் டிங்கர் க்ரீக்’ புத்தகத்தைப் படித்துக்கொண்டே போனேன். வர்ஜீனியாவில் ஒரு ஓடைக்கரையில் குடியிருந்தவர், அந்த ஓடையையே பருவம் பருவமாகப் பார்த்து எழுதியது. 1974-இல் வந்து, மறுவருஷம் புலிட்சர் பரிசு வாங்கியது. கண்ணைத் திறந்து பார் என்று பக்கத்துக்குப் பக்கம் சொல்கிற புத்தகம். நான் குனிந்த தலை நிமிராமல் அதை விழுங்கிக்கொண்டிருந்தேன். பகவதிபுரம் தாண்டிக் குகை வந்தது. பிள்ளைகள் வழக்கம்போல ஊளையிட்டார்கள், எனக்கு எரிச்சலாக இருந்தது. எதிர் சீட்டில் இருந்த ஆச்சி, “பதிமூணு கண்ணு பாலம் போயிட்டே தம்பி, பாக்கலியா?” என்று கேட்டபோது வண்டி தென்மலையை நெருங்கிவிட்டது.

1904-இல் போட்ட பாதை. மீட்டர் கேஜை அகலப்படுத்த 2010-இல் மூடினார்கள், 2018-இல்தான் மறுபடி திறந்தார்கள். இடைப்பட்ட எட்டு வருஷமும் “எப்ப வண்டி விடுவான்” என்று டீக்கடையில் புலம்பியவர்களில் நானும் ஒருவன். விட்ட பிறகு செய்தது இது.

வீட்டு முன்னறையில் இரண்டு அலமாரி வைத்துத் தெருக்காரர்களுக்குப் புத்தகம் இரவல் கொடுக்கிறேன். பெரிய சம்பவம் எதுவும் இல்லாமல் ஒரு ஓடை, ஒரு ஆடு, ஒரு ஆமை, ஒரு தெருமுனை என்று கண்ணெதிரே கிடப்பதை எழுதும் புத்தகங்கள் அதில் ஒரு தட்டு முழுக்க உண்டு. வாங்கிப் போகிறவர்கள் இரண்டு விதமாகத் திருப்பித் தருவார்கள். ஒருவர் “ஒண்ணும் நடக்கலியே அண்ணாச்சி” என்று பாதியிலேயே தருவார். இன்னொருவர் “சூப்பர், ரெண்டே நாள்ல முடிச்சிட்டேன்” என்பார். இந்த இரண்டாவது ஆளைப் பார்த்தால்தான் எனக்குக் கவலை, ஏனென்றால் நானும் அந்த ஜாதிதான்.

துப்பறியும் நாவல் அடுத்த பக்கத்துக்கு இழுக்கும். இந்தப் புத்தகங்கள் நம்மை வெளியே தள்ளும். தள்ளும்போது போகாமல் அடுத்த அத்தியாயத்துக்குத் தாவினால், மிச்சமாவது முடித்த புத்தகக் கணக்கு மட்டும்தான். கில்பர்ட் வைட் என்ற பாதிரியார் தன் கிராமமான செல்போர்னைப் பற்றி எழுதிய நூல் 1789-இல் வந்தது. முழுக்க முழுக்கக் கடித வடிவம். அதை ஒரே இரவில் படிப்பவர், ஒரு வருஷத்துச் சாப்பாட்டை ஒரே பந்தியில் உட்கார்ந்து தீர்ப்பவர் மாதிரி. தபால்காரர் கொண்டுவரும் வேகத்தில் படித்தால் போதும். வாரத்துக்கு ஒன்று.

இதற்கு வெளியூரில் வாத்தியார் தேட வேண்டாம். பிற்காலத்தில் குற்றாலத்தில் வாழ்ந்த ரசிகமணி டி.கே.சி. திருநெல்வேலி வண்ணார்பேட்டை வீட்டில் நடத்திய வட்டத்தொட்டி என்ற இலக்கியக் கூட்டத்தில் ஒரே பாட்டைத் திரும்பத் திரும்ப வாய்விட்டு வாசித்துக் காட்டி, நிறுத்தி, மறுபடி வாசிப்பார் என்று அவரை அறிந்தவர்கள் எழுதியிருக்கிறார்கள். கவிதைக்கு அவர் செய்ததை ஒரு பத்தி உரைநடைக்கு நாம் செய்து பார்க்கலாம். வீட்டில் சிரிப்பார்கள், பரவாயில்லை.

அடுத்தது மேற்கோள் பைத்தியம். ரேச்சல் கார்சனின் பெயரில் ஸ்டேட்டஸ் போடாதவர்கள் குறைவு. பூச்சிக்கொல்லி மருந்துகளின் கேட்டை உலகுக்குச் சொன்ன அதே அம்மையார்தான். 1956-இல் பெண்கள் பத்திரிகை ஒன்றுக்கு அவர் எழுதிய கட்டுரை, 1964-இல் அவர் இறந்தபின், மறுவருஷம் ‘தி சென்ஸ் ஆஃப் வொண்டர்’ என்ற புத்தகமாக வந்தது. பூமியின் அழகு, மனத்தின் வலிமை என்று வருகிற வரிகளை வெட்டி ஒட்டுகிறவர்கள், கட்டுரை எப்படித் தொடங்குகிறது என்பதை மறந்துவிடுகிறார்கள். புயலடிக்கும் இலையுதிர்கால இரவு. இருபது மாதக் குழந்தை ரோஜர், அவருக்குப் பேரன் முறை. அவனைப் போர்வையில் சுற்றித் தூக்கிக்கொண்டு மழையிருட்டில் கடற்கரைக்குப் போகிறார். கண்ணுக்குத் தெரியாத இடத்தில் அலைகள் இடிக்கின்றன. இரண்டு பேரும் சிரிக்கிறார்கள். அவ்வளவுதான்.

நம் ஊரில் ஆனி மாதச் சாரலில் இருபது மாதக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வெளியே போய்ப் பாருங்கள். “கூறு கெட்டுப்போச்சா, பிள்ளைக்குச் சளி பிடிக்கும்லா” என்று நாலு வீட்டு வாசலிலிருந்து சத்தம் வரும். அந்தச் சத்தம் தப்பு என்று சொல்லவில்லை. ஆனால் கார்சன் செய்த காரியம் எவ்வளவு துணிச்சலானது என்பது அந்தச் சத்தத்தைக் கற்பனை செய்தால்தான் புரியும். மேற்கோளில் அது வராது.

பிள்ளைகளிடம் இந்தப் புத்தகங்களைக் கொடுத்துவிட்டு “இதிலிருந்து என்ன தெரிஞ்சுக்கிட்டே, பத்து வரி எழுது” என்பதும் இதே நோய்தான். என் தங்கை மகள் அப்படி ஒரு பத்து வரி எழுதினாள். பிறகு அந்தப் புத்தகம் இருக்கும் தட்டுப் பக்கமே வருவதில்லை.

ஆச்சரியம் என்றால் அருவி என்று நினைப்பது எங்கள் பக்கத்துக்கென்றே உள்ள தவறு. குற்றாலம் நாலு மைலில் இருக்கிறதல்லவா, மற்றதெல்லாம் சாதாரணம் என்று ஆகிவிட்டது. ஜார்ஜ் பெரெக் என்ற பிரெஞ்சு எழுத்தாளர் 1974 அக்டோபரில் மூன்று நாள் பாரிஸின் சான் சுல்பிஸ் சதுக்கத்துக் காபிக் கடைகளில் உட்கார்ந்து, எதுவும் நடக்காதபோது என்ன நடக்கிறது என்று எழுதினார். போகிற பஸ்களின் எண்கள், புறாக் கூட்டம், குடை, கையில் ரொட்டியோடு நடப்பவர். படித்தால் முதலில் கொட்டாவி வரும், ஒளிக்காமல் சொல்கிறேன். நாற்பது பக்கத்துக்குப் பிறகு, பஸ் வராத நிமிஷத்தில் நமக்கே ஒரு தவிப்பு வந்துவிடுகிறது.

அந்தக் கிறுக்கை நானும் செங்கோட்டை பஸ் ஸ்டாண்டில் அரை மணி நேரம் செய்தேன். கொல்லம் பஸ்ஸில் வந்து இறங்கியவர் “சாயா” என்கிறார், மாஸ்டர் “டீ ஒண்ணு” என்று திருப்பிச் சொல்லிக்கொண்டே ஆற்றுகிறார். கண்ணாடிப் பெட்டிக்குள் பழம்பொரியும் வாழைக்காய் பஜ்ஜியும் ஒரே தட்டில். பழுத்தது மலையாளம், பழுக்காதது தமிழ் என்று குறித்துக்கொண்டேன். அப்போது ஒரு கண்டக்டர் “பிரானூர் பார்டர், பார்டர்” என்று கூவினார். நாற்பது வருஷமாகக் காதில் விழும் சொல். அன்றைக்குத்தான் உறைத்தது: பிரானூரில் ஏது பார்டர்? கேரள எல்லை புளியரை தாண்டி மலைமேல் கோட்டைவாசலில் அல்லவா இருக்கிறது? 1956 நவம்பர் 1 வரை செங்கோட்டை திருவிதாங்கூர்ப் பக்கத்தில் இருந்தது. அதனால் எல்லை பிரானூரில் இருந்தது. எல்லை மலையேறிப் போய் எழுபது வருஷம் ஆகப்போகிறது, பெயர் மட்டும் இறங்க மாட்டேன் என்று பஸ்ஸிலேயே உட்கார்ந்திருக்கிறது. பரோட்டா சாப்பிட எத்தனை ராத்திரி அங்கே போயிருப்பேன்.

விளக்கம் தெரிந்தால் ஆச்சரியம் செத்துவிடும் என்று ஒரு கட்சி உண்டு. கார்சனைத் தங்கள் பக்கம் இழுத்துக்கொள்வார்கள், உணர்வது முக்கியம், தெரிந்துகொள்வது அதில் பாதிகூட இல்லை என்று அவர் சொன்னதால். அவர் சொன்னது சிறுபிள்ளைகளுக்கு முதலில் எது வேண்டும் என்பதைப் பற்றி. அவரே விலங்கியல் படித்த கடல் உயிரியலாளர்.

பலாப்பழத்தை எடுத்துக்கொள்ளுங்கள். சீசனில் மலைக்கு அப்பாலிருந்து லாரி லாரியாக இறங்குகிறது. ஆச்சி கையிலும் கத்தியிலும் தேங்காய் எண்ணெய் தடவிக்கொண்டு, பால் ஒட்டாமல் நீளவாக்கில் பிளந்து, சுளை எடுப்பார். சுளைகளுக்கு நடுவே வெள்ளையாக நார்நாராகக் கிடப்பதை மாட்டுக்குப் போடுவோம். பலாப்பழம் ஒற்றைப் பழமே கிடையாது என்பது ரொம்பப் பிந்தித்தான் எனக்குத் தெரிந்தது. ஒரே தண்டில் நெருங்கிப் பூத்த நூற்றுக்கணக்கான பெண்பூக்கள் ஒன்றாகத் திரண்டதுதான் அது. ஒவ்வொரு சுளையும் மகரந்தம் சேர்ந்த ஒரு பூ. மகரந்தம் கிடைக்காமல் போன பூக்கள்தான் அந்த நார். இதைத் தெரிந்துகொண்ட பிறகு பலாப்பழம் வெட்டும் இடத்தை விட்டு எழுந்து போக முடிவதில்லை. மாட்டுக்குப் போகும் கூடையைப் பார்த்தால் என்னவோ போல இருக்கிறது. ஆச்சரியம் செத்ததா, கூடியதா?

சாரலும் அப்படித்தான். தென்மேற்குப் பருவக்காற்றில் தமிழ்நாட்டின் பெரும்பகுதி காய்ந்து கிடக்கும்போது தென்காசிப் பக்கம் நனைவது, ஆரியங்காவு கணவாயில் மலை தாழ்ந்து, மேகத்துக்கு வழி விடுவதால். இதைத் தெரிந்துகொண்டு நனைந்தாலும் குளிர் ஒன்றும் குறையவில்லை.

இனிப்பை எதிர்பார்த்து வருவதும் ஏமாற்றும். மனசுக்கு இதமான புத்தகம் கொடுங்கள் என்று கேட்டு டில்லர்டை வாங்கிப் போனவர், மறுநாளே கொண்டுவந்து வைத்துவிட்டார். ஆரம்பத்திலேயே ஒரு தவளை வருகிறது. அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அதன் தோல் காற்றுப் போன பந்துபோலச் சுருங்குகிறது. தண்ணீருக்கடியிலிருந்து ஒரு பெரிய பூச்சி அதன் உள்ளுறுப்புகளைக் கரைத்து உறிஞ்சிக்கொண்டிருக்கிறது. அதையும் பார்த்துவிட்டுத்தான் அவர் ஓடையை விட்டு ஓடாமல் உட்கார்ந்தார். பார்ப்பது என்று இறங்கினால் பிடித்ததை மட்டும் பார்க்கிற வசதி கிடையாது.

எனக்கு இந்த விஷயத்தில் மலையாள எழுத்தாளர் வைக்கம் முகம்மது பஷீர்தான் நெருக்கம். தலையோலப்பறம்பில் 1908-இல் பிறந்தவர், குளச்சல் யூசுஃப் தமிழில் தந்திருக்கிறார். ‘பாத்துமாவின் ஆடு’ நாவலில் ஆடு அவர் எழுதிய புத்தகங்களையே தின்கிறது. ‘பூமியின் உரிமையாளர்கள்’ கதையில் வௌவால் முதல் பாம்பு வரை எல்லாம் தோட்டத்துக்குப் பங்கு கேட்டு வருகின்றன. வீடு நிறையச் சண்டை, பசி, கடன். அதற்கு நடுவேதான் சிரிப்பு. இதை வெறும் நகைச்சுவை என்று ஒதுக்குகிறவர்களோடு நான் வாதாடுவதில்லை, அடுத்தமுறை மறுபடி அதையே கொடுத்துவிடுவேன்.

நேரமில்லை, இடமில்லை, காட்டுக்குள் குடிசை போட முடியுமா என்பவர்களுக்கு இரண்டே தகவல். காட்டுக் குடிசைக்குப் பேர்போன தோரோ இருந்த வால்டன் குளத்திலிருந்து ஊர் ஒன்றரை மைல்தான். அடிக்கடி ஊருக்குள் நடந்து போய் வந்தவர். சேவியர் த மேஸ்த்ர் என்பவர் சண்டை போட்டதற்காக 42 நாள் வீட்டுச்சிறையில் கிடந்தபோது, தன் அறையையே சுற்றுலா போன கதையாக எழுதினார்.

இதுவரை சொன்னதில் வெளிநாட்டுப் பெயர்களே கூடுதலாக வந்துவிட்டன. அதுவே ஒரு தவறு, நானும் செய்வதுதான். குறுந்தொகையில் கபிலர் ஒரு பெண்ணின் கவலையைச் சொல்ல வருகிறார். அவள் களவில் கூடியதற்குச் சாட்சி யாருமில்லை, ஓடுகிற நீரில் ஆரல் மீனுக்காகக் காத்து நின்ற ஒரு குருகைத் தவிர. அந்தக் குருகின் கால் தினைத்தாள் மாதிரி இருந்தது என்கிறார். வாழ்க்கையே கவிழும் நேரத்தில் கொக்கின் காலைப் பார்த்து வைத்திருக்கிறாள்! குற்றாலத்துக்குப் பக்கத்து மேலகரத்துக்காரரான திரிகூடராசப்பக் கவிராயர், ஆண்குரங்கு பெண்குரங்குக்குப் பழம் கொடுத்துக் கொஞ்சுவதைக் குறவஞ்சியில் பாடினார். இப்போது அந்த வம்சம் சுற்றுலாக்காரர்கள் பையிலிருந்து பிஸ்கட் பறிக்கிறது. அதையும் யாராவது எழுத வேண்டும். 1912-இல் திருநெல்வேலியில் பிறந்த மா. கிருஷ்ணன், கல்கத்தா ‘ஸ்டேட்ஸ்மேன்’ பத்திரிகையில் 1950 முதல் 1996-இல் இறக்கும்வரை இயற்கையைப் பற்றிப் பத்தி எழுதினார். யானை, புலி மட்டுமில்லை, காக்கை, அணில் என்று வாசலில் நிற்பதையும் விடவில்லை. அவருடைய தமிழ்க் கட்டுரைகளைத் தியடோர் பாஸ்கரன் ‘மழைக்காலமும் குயிலோசையும்’ என்று தொகுத்திருக்கிறார். மனிதர்களின் சின்ன அசைவுகளுக்கு வண்ணதாசன் கதைகள்.

கடைசியாக நோட்டு. இந்தப் புத்தகங்களைப் படித்ததும் எல்லாரும் அழகான நோட்டு ஒன்று வாங்குவார்கள். “இன்றைய மாலை மனத்தை வருடியது” என்று எழுதுவார்கள். ஒரு மாதம் கழித்துப் புரட்டினால் எந்த மாலை, என்ன வருடியது, ஒன்றும் ஞாபகம் வராது. வைட் என்ன செய்தார் தெரியுமா? ஆமையைத் தராசில் நிறுத்தார். தேனீக்குக் காது கேட்குமா என்று பார்க்க, கூட்டுக்குப் பக்கத்தில் ஊதுகுழல் மாதிரியான பெரிய பேசும் குழலை வைத்துக் கத்தினார். தேனீக்கள் பாட்டுக்கு வேலையைப் பார்த்தன. அதையும் எழுதினார். தேதி, எடை, எண்ணிக்கை, நிறம் இவைதான் நோட்டுக்கு வேண்டும். உரிச்சொல் தானாக வந்தால் வரட்டும்.

பஸ் ஸ்டாண்ட் டீ மாஸ்டர், மா. கிருஷ்ணனின் கட்டுரைகளை வாங்கிப்போய் மூன்று மாதம் தரவில்லை. வேறொருவர் கேட்டுக்கொண்டிருந்ததால் ஆள் அனுப்பி வாங்கினேன். கடைசி வெள்ளைத்தாளில் பென்சிலால் எழுதியிருந்தது:

“புதன், காத்தால 6.20. எதிர்த்த கரண்ட் கம்பில கரிச்சான் ரெண்டு. ஒண்ணு மட்டும் வாலை ஆட்டுது. வியாழன், ஒண்ணுதான் இருக்கு. ஆட்டாதது. வெள்ளி, மழை. பாக்கல.”

இரவல் புத்தகத்தில் எழுதலாமா என்று கேட்கத்தான் கடைக்குப் போனேன். போனதும் வாயில் வந்தது வேறு.

“சனிக்கிழமை மத்தது வந்துச்சா மாஸ்டர்?”

“எழுததுக்குள்ள புத்தகத்தைக் கேட்டுட்டியளே அண்ணாச்சி,” என்றார்.