வைஸ் சிட்டி பழைய சேவ்களை மீட்ட விதம்: என் அனுபவம்

2003-ல் கம்ப்யூட்டருக்கு வந்த ஜிடிஏ வைஸ் சிட்டி என்ற கேம், சேவ்களை (நாம் ஆடிய இடம் வரையிலான பதிவுகளை) கேம் ஃபோல்டரில் வைப்பதில்லை. டாக்குமென்ட்ஸுக்குள் ‘ஜிடிஏ வைஸ் சிட்டி யூசர் ஃபைல்ஸ்’ என்று தனி ஃபோல்டர் இருக்கும். கேமை மட்டும் பென்டிரைவில் எடுத்துப் போனால் லோட் மெனு காலியாகத்தான் வரும்.

சேவ் செய்ய மொத்தம் 8 ஸ்லாட் (இடங்கள்). ஜிடிஏவிசிஎஸ்எஃப்1.பி (GTAVCsf1.b) என்று தொடங்கி 8 வரை ஃபைல்கள், ஒவ்வொன்றும் சுமார் 200 கேபி. ஸ்லாட்டைத் தீர்மானிப்பது ஃபைல் பெயரில் உள்ள எண்தான். மெனுவில் தெரியும் மிஷன் பெயர் ஃபைலுக்குள் இருக்கிறது. 2-ஐ 7 என்று மாற்றினால் அதே ஆட்டம் 7-வது ஸ்லாட்டில் நிற்கும்.

காப்பி செய்தும் வரவில்லையா? மைக்ரோசாஃப்டின் ஆன்லைன் சேமிப்பான ஒன்டிரைவ்தான் காரணமாக இருக்கும். அது டாக்குமென்ட்ஸையே தன் ஃபோல்டருக்குள் நகர்த்திவிடும். நாம் பழைய இடத்திலேயே போட்டுக்கொண்டிருப்போம். டாக்குமென்ட்ஸ் மேல் ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், லொகேஷன். அங்கே காட்டும் பாதையில் போட்டதும் எனக்கு எல்லாம் வந்தது.

மூணாறு, பீர்மேடு பக்கம் மழைக்காலத்தில் கரண்ட்டை நம்ப முடியாது. சேவ் எழுதும் நொடியில் கரண்ட் போனால் அந்த ஃபைல் அரைகுறையாகிவிடும், பிறகு திறக்காது. ஆகவே ஒரே ஸ்லாட்டில் திரும்பத் திரும்ப சேவ் செய்யாதீர்கள். இரண்டை மாற்றி மாற்றிப் பயன்படுத்துங்கள். மிஷன் நடுவே சேவ் கிடையாது என்பதால், இளஞ்சிவப்பு கேசட் இருக்கும் வீட்டுக்குப் போய் சேவ் செய்த பிறகே அடுத்த மிஷன்.

மிஷன் ஸ்கிரிப்ட்டை மாற்றும் மாட் (கேமை மாற்றியமைக்கும் ஃபைல்) போட்டு எடுத்த சேவ் ஃபைலை ஒரிஜினல் கேமில் ஏற்றினால் பெரும்பாலும் க்ராஷ்தான். அவற்றுக்குத் தனி ஃபோல்டர் வையுங்கள்.