திருகோணமலையில இருந்து கெரக்டர் ரோலுக்குப் போறாக்களுக்கு

அப்பா, கடைக்கார முதலாளி, விதானை, பஸ் கண்டக்டர், செத்தவீட்டில மூலையில குந்தியிருந்து அழுகிற மாமி, இப்பிடி ரெண்டு மூண்டு சீன் வந்து போற ஆக்களைத்தான் கெரக்டர் நடிகர் எண்டு சொல்லுறது. அதில ஆசை உள்ள நம்மட ஊர்ப் பிள்ளைகளுக்காக இதை எழுதுறன், நான் தொடங்கேக்க இதைச் சொல்லித்தர ஒருத்தரும் இருக்கேல்ல.

முதல்ல போட்டோ. டை அடிச்சு, ஸ்டூடியோவில முகத்தை வெள்ளையாக்கி எடுத்ததை அனுப்பாதீங்க. நேரா ஒண்டு, ரெண்டு பக்கமும் ஒவ்வொண்டு, தாடியோட ஒண்டு, இல்லாம ஒண்டு போதும். நரையோ தழும்போ இருந்தா அப்பிடியே இருக்கட்டும், அதைப் பார்த்துத்தான் கூப்பிடுவாங்க. ஓடிஷன் வீடியோ கேட்டா ஃபோனைக் குறுக்கால வச்சு, ஜன்னல் வெளிச்சம் முகத்தில படுற மாதிரி இருங்க, ஃபேனை நிப்பாட்டுங்க, மற்ற ஆளின்ட வசனத்தைச் சொல்லுறவர் கமராவுக்குப் பக்கத்தில இருக்கட்டும்.

கமராவுக்கு முன்னால நிக்கிறதுதான் பெரிய விஷயம். நம்மளில கனபேர் கோயில் திருவிழா நாடகத்திலயும் பள்ளிக்கூட மேடையிலயும் வளர்ந்தாக்கள், கடைசி வரிசையில இருக்கிற ஆச்சிக்கும் கேக்கோணும் எண்டு கத்திப் பழகினனாங்க, ஆனா கமரா உங்கட மூக்குக்கு முன்னால நிக்குது, புருவம் கொஞ்சம் ஏறினாலே அதுக்குப் பெரிசாத் தெரியும்.

என்ட முதல் சீன் ஒரு தேத்தண்ணிக் கடை. மகள் வீட்டை விட்டுப் போயிட்டாள் எண்டு ஒருத்தர் வந்து சொல்ல நான் கேட்டுக்கொண்டிருக்கோணும், அவ்வளவுதான். தூர ஷொட்டில "மகள்" எண்ட சொல்லு வரேக்க கிளாஸைத் தூக்கினன், அதே சீனைத் திரும்ப முகத்துக்குக் கிட்ட வச்சு எடுத்த க்ளோஸ்-அப்பில அழுகை நல்லா வந்திட்டுது எண்ட சந்தோசத்தில கிளாஸை மறந்தே போனன். ரெண்டையும் ஒட்டேலாது எண்டு அந்த க்ளோஸ்-அப்பை வெட்டிட்டாங்க, படத்தில என்ட முதுகுதான் இருக்கு. அண்டையில இருந்து எந்தக் கை, எந்தச் சொல்லு, கிளாஸில எவ்வளவு தேத்தண்ணி எண்டு ஒவ்வொரு டேக் முடியவும் கொப்பியில எழுதி வைக்கிறன். நீங்களும் வீட்டில பழகுங்க. வெங்காயம் உரிச்சுக்கொண்டோ வலை பொத்திக்கொண்டோ ஒரே வசனத்தைப் பத்துத் தரம் சொல்லுங்க, பத்துத் தரமும் கை அதே சொல்லில நிக்கோணும்.

உங்கட வசனம் இல்லாத நேரம்தான் கனக்க நடிக்க வேண்டி வரும். எதிரில இருக்கிறவர் கதைக்கிறதை உண்மையா காது குடுத்துக் கேளுங்க. அடுத்து நான் என்ன சொல்லோணும் எண்டு மனசுக்குள்ள ஓட்டிக்கொண்டிருந்தா கண் காட்டிக் குடுத்திடும்.

பாஷையை விட்டுடாதீங்க. மூதூர்க் கதை, கிண்ணியாக் கதை, தம்பலகாமத்துக் கதை எல்லாத்தையும் சந்தையிலயும் பஸ்ஸிலயும் காது குடுத்துக் கேட்டு வையுங்க. சென்னைப் படத் தமிழில கதைச்சா இங்க எடுக்கிற கதைக்கு ஒட்டாது. சிங்களமும் கட்டாயம் படியுங்க. தர்மசேன பத்திராஜ 1977ல 'பொன்மணி' படத்தையும், அசோக ஹந்தகம 2012ல 'இனி அவன்' படத்தையும் தமிழில எடுத்த சிங்கள இயக்குநர்கள், அப்பிடியான செட்டில கதைச்சு விளங்கிக்கொள்ளத் தெரிஞ்ச ஆளுக்கு நல்ல மரியாதை. டப்பிங் கிடைச்சா ஓமெண்டு போங்க. எம்.எஸ்.பாஸ்கர் நடிகரா முகம் தெரிய முந்தி டப்பிங் பேசினவர், 2025ல அறிவிச்ச இந்தியாவின்ட 71ஆவது தேசிய திரைப்பட விருதில சிறந்த துணை நடிகர் விருது அவருக்குக் கிடைச்சது. குரலை வச்சே ஒரு ஆளைக் காட்டப் பழகினா அந்தப் பழக்கம் முகத்துக்கும் வரும் எண்டு நான் நம்புறன்.

காசு விஷயம் கதைக்க வெக்கப்படாதீங்க. எத்தனை நாள், நாளுக்கு எவ்வளவு, கொழும்புக்குப் போய்வாற செலவு ஆர் தாறது, படுக்க இடம் இருக்கா, டப்பிங்குக்குத் தனிக் காசா எண்டு போறதுக்கு முந்தியே மெசேஜில கேட்டு வாங்குங்க. வாயால சொன்னதை நம்பி ராத்திரி மெயிலில போய், அஞ்சு நாள் நடிச்சு, பஸ்ஸுக்கும் கடன் வாங்கித் திரும்பி வந்தவன் நான். பொம்பிளைப் பிள்ளைகள் முதல் தரம் போகேக்க வீட்டு ஆள் ஒருத்தரைக் கூட்டிக்கொண்டு போங்க, அது சரிவராது எண்டு சொல்லுற செட்டுக்குப் போகவே வேணாம்.

வேலை முடிஞ்சு வரேக்க, படம் வெளிவந்த பிறகு உங்கட சீனின்ட துண்டைத் தரச்சொல்லி அசிஸ்டன்ட் டைரக்டரிட்டச் சொல்லி வையுங்க. மூண்டு துண்டு சேர்ந்ததும் ரெண்டு நிமிஷத்துக்குள்ள ஒட்டி ஃபோனில வச்சிருங்க, அடுத்த ஆள் கேட்டா அதைத்தான் அனுப்போணும்.