அணையத் தெரிந்த விளக்கு: ஒளியால் பேசும் உயிரியைக் கதைக்கு உருவாக்கும் முறை

ஒளியால் பேசும் உயிரியைக் கற்பனை செய்ய உட்காருகிறவர்கள் பெரும்பாலும் நிறத்தில்தான் ஆரம்பிக்கிறார்கள். நீலமா, ஊதாவா, வானவில்லா? நிறத்தைக் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம். எந்நேரமும் எரிந்துகொண்டிருக்கும் உடம்பால் எதையும் சொல்ல முடியாது, அது வெறும் தெருவிளக்கு. உங்கள் உயிரி எப்படி அணையும் என்பதை முதலில் முடிவு செய்யுங்கள்.

இயற்கையில் பார்த்து எடுத்துக்கொள்ள இரண்டு நல்ல வழிகள் உண்டு. மின்மினியின் உடலில் லூசிஃபெரின் என்ற பொருள் லூசிஃபெரேஸ் நொதியின் உதவியால் ஆக்சிஜனோடு வினைபுரிந்து ஒளிர்கிறது. நரம்பின் கட்டுப்பாட்டில் இருப்பதால் நினைத்தபோது சிமிட்டலாம். ஃபோட்டோபிளெஃபரான் என்ற மீனோ கண்ணுக்குக் கீழே ஒளிரும் பாக்டீரியாக்களை வளர்க்கிறது. மீன் சொன்னதும் பாக்டீரியா அணைந்துவிடாது. அதனால் இமை போன்ற கருந்தோலை இழுத்து மூடிக்கொள்கிறது. அதன் உறவினமான அனோமலாப்ஸ் உறுப்பையே உட்பக்கம் திருப்பிவிடுகிறது.

எதை எடுத்தாலும் அதன் தொல்லையையும் சேர்த்தே எடுங்கள், கதை அங்கேதான் கிடைக்கும். இமை வழியில் போனால், காயத்தால் இமை முழுதாக மூடாத ஒருவனால் வாயை மூடவே முடியாது. வேதிப்பொருள் வழியில் போனால் சாப்பாடு முக்கியமாகிறது. பசிபிக் கடலின் மிட்ஷிப்மேன் மீன்களில் ஒரு பகுதிக்கு ஒளி உறுப்பு இருந்தும் ஒளி இல்லை. லூசிஃபெரின் உள்ள ஒரு சிறு கணுக்காலியை இரையாகக் கொடுத்தால் அவையும் ஒளிர்கின்றன. அதாவது பஞ்ச காலத்தில் உங்கள் ஊரே ஊமையாகலாம்.

அடுத்து, நேரம். கண் இமைக்கும் பொழுது, கை நொடிக்கும் பொழுதுதான் ஒரு மாத்திரை என்கிறது நம் இலக்கணம். சிமிட்டல் மொழிக்கு இதைவிடப் பொருத்தமான அளவு ஏது? ஒரு மாத்திரையை 0.2 விநாடி என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆனால் குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு என்ற கணக்கை அப்படியே கொண்டுவர வேண்டாம். தூரத்திலும் பனிமூட்டத்திலும் ஒன்றும் இரண்டும் குழம்பும். புள்ளியும் கோடுமாகச் செய்தி அனுப்பும் மோர்ஸ் முறையில் கோடு புள்ளியைப் போல மூன்று மடங்கு நீளம், அதுவே பாதுகாப்பு. குறில் 0.2, நெடில் 0.6, இடையில் இருட்டு 0.2, சொல்லுக்கும் சொல்லுக்கும் நடுவே 1.4 விநாடி.

இப்போது ‘சுறா’ என்ற பொருளுக்கு உங்கள் மொழியில் குறில், குறில், நெடில் என மூன்று சிமிட்டல்கள் வையுங்கள். இருட்டையும் சேர்த்து 1.4 விநாடி. இதே அளவில் ஐந்து சொல் கொண்ட வாக்கியம் 12.6 விநாடி பிடிக்கும். சொல்லி முடிப்பதற்குள் சுறா வந்துவிடும்!

தீர்வு, ஒரே நேரத்தில் பல விளக்குகள். விலாவில் எட்டு ஒளிப்புள்ளிகள் இருந்தால், எரிவதும் அணைவதுமாக 256 வடிவங்கள் ஒரே பார்வையில் கிடைக்கும். இதற்கும் ஓர் எல்லை உண்டு. 3 செ.மீ. இடைவெளியுள்ள இரு புள்ளிகள் மனிதக் கண் போன்ற கண்ணுக்குச் சுமார் 100 மீட்டரில் ஒன்றாகக் கலந்துவிடும், கலங்கிய நீரில் இன்னும் முன்பே. ஆகவே கிட்டத்தில் வடிவப் பேச்சு, தூரத்தில் வெறும் சிமிட்டல் என இரண்டு பேச்சு வழக்குகள் தாமாகவே உருவாகின்றன. அபாய எச்சரிக்கையைப் பளிச்சென்று வைப்பது பலரும் செய்யும் தவறு, அது வேட்டை மிருகத்தையும் அழைக்கும். எல்லா விளக்கும் சட்டென அணைவதே எச்சரிக்கையாக இருக்கட்டும்.

இடைவெளிக்கும் பொருள் கொடுங்கள். ஃபோட்டினஸ் பைராலிஸ் மின்மினியில் ஆண் சுமார் 6 விநாடிக்கு ஒருமுறை மின்னும். சுமார் 2 விநாடி கழித்துப் பெண் பதில் தரும். அந்தத் தாமதம்தான் ‘நான் உன் இனம்’ என்பதற்கு அடையாளம். ஃபோட்டூரிஸ் என்ற வேறொரு மின்மினி வகையின் பெண்கள் இதே தாமதத்தைக் காப்பியடித்து, நம்பி வரும் ஆணைத் தின்றுவிடுகின்றன. குளிர் கூடினால் இந்தத் தாளமெல்லாம் மந்தமாகும். குளிர்பகுதியிலிருந்து வந்தவனின் பேச்சு வெப்பப் பகுதியில் பொய் போலத் தோன்றும் என்ற கதைவாய்ப்பை நான் விடமாட்டேன்.

நிறத்துக்கு இப்போது வரலாம். கடல்நீரில் சிவப்பு சில மீட்டர்களிலேயே மங்கிவிடும். நீலம், அதாவது 475 நானோமீட்டரை ஒட்டிய அலைநீளமுள்ள ஒளி, அதிக தூரம் போகும். ரகசியம் பேச வேண்டுமா? மாலகோஸ்டியஸ் என்ற ஆழ்கடல் மீனைப் போல, அக்கம்பக்கத்தவர் பார்க்க முடியாத சிவப்பைக் கொடுங்கள்.

உயிரி பேசுவதோடு சிந்திப்பதும் ஒளியால்தான் என்று வைக்கலாம், ஆனால் அந்தச் சிந்தனை விஷயத்தில்தான் அதிகம் சறுக்குகிறார்கள். ஒளியால் சிந்திப்பதால் மின்னல் வேகத்தில் சிந்திக்கும் என்று எழுதிவிடாதீர்கள். ஒளி வேகமானதுதான், ஆனால் ஒவ்வொரு செல்லும் அதை வாங்கி வேதிவினையால் மறுபடி உமிழ வேண்டும். நம் விழித்திரைச் செல்லே ஒரு மினுக்குக்கு எதிர்வினை காட்டப் பல மில்லிவிநாடி எடுத்துக்கொள்கிறது. உண்மையான சிக்கல் கசிவு. தசை ஒளியைச் சிதறடிக்கும், முழுதாகத் தடுக்காது. மண்டைக்குள் கறுப்பு நிறமிப் படலம் இல்லாவிட்டால் நினைப்பதெல்லாம் வெளியே தெரியும். அந்தப் படலம் பிறந்த சில மாதங்கள் கழித்தே வளர்வதாக வைத்தால், குழந்தையின் நெற்றியில் ஓடும் பயத்தை அந்நியன் படிக்கும் முன் தாய் துடுப்பால் மூட வேண்டியிருக்கும். பகல் வெளிச்சம் உள்ளே புகுந்தால் அதுவே பிதற்றல். படலம் தேய்ந்த முதியவர்கள் இருட்டை விட்டு வெளியே வரமாட்டார்கள்.

எழுதும் முன் சோதித்துப் பாருங்கள். இருட்டறையில் இருவர், ஆளுக்கொரு டார்ச், பத்துச் சொற்கள். டார்ச்சை அணைத்து அணைத்து எரிக்காமல், முகப்பைக் கையால் மூடித் திறங்கள். எந்த இரண்டு சொற்களை எதிராளி மூன்று முறை மாற்றிப் படிக்கிறாரோ அவற்றில் ஒன்றை மாற்றுங்கள். பிறகு ஒருவர் முதுகைத் திருப்பிக்கொள்ளட்டும். ஒளிக்கு நேர்ப்பார்வை வேண்டும், பாறைக்குப் பின்னால் இருப்பவனைக் கூப்பிட முடியாது. உங்கள் காட்சிகளில் யார் எங்கே நிற்கிறார் என்பதை இது மாற்றிவிடும்.

பக்கத்தில் எழுதும்போது புள்ளியும் கோடுமாக அடுக்காதீர்கள், வாசகர் தாண்டிப் போய்விடுவார். ‘என்றான்’ வரும் இடத்தில் ஒளியின் செயலை வையுங்கள்: “‘கீழே போகாதே.’ கடைசி நெடிலை அவள் முடிக்கவில்லை, பாதியில் இமை மூடிக்கொண்டது.”