சிரப் வேண்டாம், எலுமிச்சை போதும்: வீட்டு மாக்டெயில்

கூல்டிரிங்ஸை வைத்து வீட்டில் மாக்டெயில், அதாவது மது சேர்க்காத கலவைப் பானம், போட நினைக்கிறவர்கள் கடைக்குப் போனதும் முதலில் தேடுவது சிரப் பாட்டிலைத்தான். பச்சை, நீலம், சிவப்பு என்று வரிசையாக இருக்கும். அதை எடுக்காதீர்கள். பல கோலாக்களில் 100 மில்லிக்கு 10 கிராம் அளவில் சர்க்கரை ஏற்கெனவே கரைந்திருக்கிறது. 200 மில்லி பாட்டில் ஒன்றைக் குடித்தால் நாலைந்து டீஸ்பூன் சர்க்கரை உள்ளே போய்விடும். அதன் தலையில் இன்னும் சிரப்பை ஊற்றினால் முதல் வாய் நன்றாக இருக்கும், மூன்றாவது வாய்க்கு டம்ளரைக் கீழே வைத்துவிடுவார்கள்.

நான் அம்மாப்பேட்டையில் இருக்கிறேன். சேலத்துக் கல்யாண மண்டபங்களில் வாசலில் வெல்கம் டிரிங்க் போட்டுக் கொடுப்பதுதான் என் வேலை. பாதி டம்ளரோடு ஓரமாக வைத்துவிட்டுப் போவதை ஒவ்வொரு முகூர்த்தத்திலும் பார்க்கிறேன். மிச்சம் வைத்த டம்ளரை எடுத்துப் பார்த்தால் பெரும்பாலும் காரணம் ஒன்றுதான்: தித்திப்பு. கூல்டிரிங்ஸில் இனிப்பும் கேஸும் இருக்கிறது. நாம் சேர்க்க வேண்டியது புளிப்பு, உப்பு, கொஞ்சம் உறைப்பு, நல்ல வாசனை. அப்புறம் நிறையக் குளிர்ச்சி.

முதலில் பவண்டோவில் ஒன்று சொல்கிறேன். 1916-இல் விருதுநகரில் தொடங்கிய காளிமார்க்கின் பானம் அது. நம் பக்கத்துப் பெட்டிக்கடைகளிலும் கிடைக்கும். அந்தத் திராட்சை வாசனை எலுமிச்சையோடும் மிளகோடும் அழகாகச் சேரும், வேறு எந்தக் கோலாவிலும் எனக்கு இந்த ருசி வரவில்லை.

ஒரு பெரிய கண்ணாடி டம்ளர், 400 மில்லி பிடிக்கிறதாக எடுத்துக்கொள்ளுங்கள். அரை எலுமிச்சம்பழச் சாறு, அதாவது ஒரு மேசைக்கரண்டி. இரண்டு சிட்டிகை உப்பு. நாலைந்து மிளகு. அரை டீஸ்பூன் இஞ்சிச் சாறு. ஆறேழு புதினா இலை. பவண்டோ 200 மில்லி, நன்றாகக் குளிர்ந்தது. ஐஸ்.

பழத்தைப் பலகையில் வைத்து உள்ளங்கையால் அழுத்தி உருட்டிவிட்டுப் பிழியுங்கள், சாறு கூடும். கடைசிச் சொட்டுவரை நசுக்க வேண்டாம். தோலும் விதையும் நசுங்கினால் கசப்பு இறங்கும். இஞ்சியைத் துருவிப் பிழிந்து பத்து நிமிஷம் வைத்தால் அடியில் வெள்ளையாக மாவு மண்டும், அதை விட்டுவிட்டு மேலே தெளிந்ததை மட்டும் எடுங்கள். மிளகை அப்போதுதான் தட்ட வேண்டும். ஏற்காட்டுக் காப்பித் தோட்டங்களில் நிழலுக்கு நிற்கும் சில்வர் ஓக் மரங்களில் மிளகுக் கொடி ஏறியிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அந்த மலை மிளகு கிடைத்தால் வாங்கி வையுங்கள். பொடியாக அடைத்து விற்பதில் உறைப்பு இருக்கும், மணம் இருக்காது. கொரகொரப்பாகத் தட்டினால் போதும்.

புதினாவை அரைக்காதீர்கள். உள்ளங்கையில் வைத்து மறு கையால் ஒரு தட்டு தட்டுங்கள், வாசனை கிளம்பிவிடும். அரைத்தால் கறுத்துப்போய்க் கஷாய ருசி வந்துவிடும்.

இப்போது சேர்க்கும் வரிசை. எலுமிச்சைச் சாற்றில் உப்பு, மிளகு, இஞ்சிச் சாறு எல்லாவற்றையும் போட்டு உப்பு முழுசாகக் கரையும்வரை கலக்குங்கள். இதை நான் கவுன்டரில் வேலை பார்க்கும் பையன்களுக்குத் திரும்பத் திரும்பச் சொல்வேன், உங்களுக்கும் சொல்கிறேன். பானத்தை ஊற்றிவிட்டு மேலே உப்புத் தூவக் கூடாது. உப்புக் கல்லின் சொரசொரப்பில் கேஸ் ஒட்டிக்கொண்டு குமிழ் குமிழாகக் கிளம்பும். டம்ளர் பொங்கி வழியும், கேஸும் போய்விடும், மிஞ்சுவது வெறும் இனிப்புத் தண்ணீர். கரைந்த உப்பு அவ்வளவு பொங்காது.

கரைசலை டம்ளரில் ஊற்றி, புதினா போட்டு, ஐஸை முக்கால் டம்ளர் நிரப்புங்கள். ஐஸ் குறைவாகப் போட்டால் அது சீக்கிரம் உருகிப் பானம் நீர்த்துவிடும், நிறையப் போட்டால்தான் மெதுவாக உருகும். கடைசியில் டம்ளரைச் சாய்த்துப் பிடித்து, ஓரமாகப் பவண்டோவை ஊற்றுங்கள். நீளக் கரண்டியால் அடியிலிருந்து ஒரே ஒரு தடவை மேலே தூக்கிவிட்டால் போதும். சுற்றிச் சுற்றிக் கலக்கினால் கேஸ் நிற்காது.

கேஸ் நிற்பதற்குப் பெரிய காரணம் குளிர்ச்சி. குளிர்ந்த தண்ணீரில்தான் கேஸ் அதிகம் கரைந்திருக்கும். சேலத்து மே மாத வெயிலில் கடை வாசலில் நின்ற பாட்டிலை வாங்கி வந்து உடனே திறந்தால் சீறிக்கொண்டு பாதி கேஸ் வெளியே போய்விடும். முந்தின ராத்திரியே ஃபிரிட்ஜில் வையுங்கள். ஃப்ரீசரில் வேண்டாம், கண்ணாடி பாட்டில் உறைந்தால் வெடிக்கும். இரண்டு லிட்டர் பாட்டில் லாபமாகத் தெரியும். ஆனால் திறந்து திறந்து மூடினால் கடைசி டம்ளர் சப்பென்று இருக்கும். ஆள் குறைவு என்றால் சின்ன பாட்டில்களே வாங்குங்கள். இன்னொன்று, கேஸ் உள்ள எதையும் மிக்சி ஜாரிலோ ஷேக்கரிலோ மூடி போட்டு அடிக்கவே கூடாது. மூடி தெறித்துவிடும்.

ஐஸை வீட்டிலேயே காய்ச்சி ஆறிய தண்ணீரில் உறைய வையுங்கள். மீன் கடைக்குப் போகிற பார் ஐஸை உடைத்துப் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். அது குடிக்கிற தண்ணீரில் செய்ததாக இருக்க வேண்டியதில்லை. குழந்தைகள் குடிக்கிற பொருளில் அந்த ஐஸை நான் சேர்க்கவே மாட்டேன்.

சிரப் கூடாது என்றேன். வெறும் சோடாவுக்கு மட்டும் அது பொருந்தாது, அதில் சர்க்கரையே கிடையாதே. கோலி சோடாவுக்கு இரண்டு மேசைக்கரண்டி நன்னாரி சிரப், அரை எலுமிச்சை. சிரப் கனமானது என்பதால் அடியில் தங்கும், மேலே சோடா தெளிவாக நிற்கும், பார்க்கவும் அழகு. கோலியை உடைத்தபின் மூடி வைக்க முடியாது, உடனே ஊற்றிவிடுங்கள். சர்க்கரை உள்ளவர்களுக்கு நன்னாரி சிரப் இல்லாமல், மேலே சொன்ன எலுமிச்சை மிளகுக் கரைசலையே வெறும் சோடாவில் கொடுங்கள். “எனக்கு என்ன தம்பி இருக்குது?” என்று கேட்கிற அம்மாயிகளுக்காக இதை ஒவ்வொரு கவுன்டரிலும் தனியாக வைக்கிறேன். எல்லோருக்கும் கொடுக்கிற அதே டம்ளரில், அதே புதினாவோடு கொடுக்க வேண்டும். தனக்கு மட்டும் பத்தியம் என்று அவர்களுக்குத் தோன்றக் கூடாது.

பன்னீர் சோடாவுக்கு எலுமிச்சையும் உப்பும் மட்டும் போதும். மிளகும் இஞ்சியும் அந்த ரோஜா வாசனையைக் கொன்றுவிடும். ரோஸ் மில்க்கில் கூல்டிரிங்ஸ் கலக்கலாமா என்று கேட்கிறார்கள். வேண்டாம். கூல்டிரிங்ஸில் அமிலம் உண்டு, பால் திரிந்துவிடும்.

மாங்காய்க் காலத்தில் கிளிமூக்கு மாங்காய் ஒன்றைத் தோலோடு வேகவைத்து, ஆறியதும் சதையைப் பிழிந்து, உப்பும் கீறின பச்சை மிளகாய் பாதியும் சேர்த்து ஒரு மணி நேரம் ஊறவிடுங்கள். வடிகட்டி, டம்ளருக்கு மூன்று மேசைக்கரண்டி ஊற்றி, ஐஸ் போட்டு, ஸ்பிரைட் மாதிரி எலுமிச்சை வாசனைப் பானத்தை நிரப்புங்கள். மெதுவாக ஊற்றுங்கள், இதில் நுரை அதிகம் வரும். பழுத்த மல்கோவாவைச் சோடாவில் கலப்பதை மட்டும் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். அது அறுத்துச் சாப்பிட வேண்டிய பழம்.

பெரியவர்களுக்கு எனக்குப் பிடித்தது ஏற்காட்டுக் காப்பியில் செய்வது. இருபது கொண்டை ஊசி வளைவு ஏறி, 1500 மீட்டர் உயரத்துக்குப் போய்த் திரும்பும்போது காப்பித் தூள் வாங்காமல் வருகிறவர்கள் குறைவு. சிக்கரி கலக்காத தூளில் ஃபில்டரில் கெட்டியாக டிகாஷன் இறக்கி, ஃபிரிட்ஜில் குளிரவையுங்கள். டம்ளரில் ஐஸ், அதன்மேல் கால் டம்ளர் மலை ஆரஞ்சுச் சாறு, வெறும் சோடா அரை டம்ளர். இங்கே மட்டும் வரிசை மாறும். டிகாஷனைக் கடைசியில், கரண்டியின் பின்புறத்தில் விழுமாறு இரண்டு மேசைக்கரண்டி ஊற்ற வேண்டும். காப்பியும் சோடாவும் சேர்ந்தால் நுரை தள்ளும், டிகாஷன் அடியில் இருந்தால் மேலே வழிந்துவிடும். ஆரஞ்சு புளித்தால் ஒரு டீஸ்பூன் சர்க்கரையைச் சாற்றில் முன்பே கரைத்துக்கொள்ளலாம்.

ஆடியில் கோட்டை மாரியம்மன் பண்டிகைக்குச் சொந்தபந்தம் வீடு நிறைய வரும்போது ஒவ்வொரு டம்ளராக எலுமிச்சை பிழிந்துகொண்டிருக்க முடியாது. பத்துப் பேருக்கு ஐந்து எலுமிச்சை, முக்கால் டீஸ்பூன் உப்பு, ஒரு டீஸ்பூன் மிளகு, ஐந்து டீஸ்பூன் இஞ்சிச் சாறு. காலையிலேயே கலந்து மூடி ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். ஆள் வர வர, தலைக்கு ஒரு மேசைக்கரண்டிக்குக் கொஞ்சம் கூடுதலாகக் கரைசல், புதினா, ஐஸ், பாட்டில் திறந்து ஊற்றல், அவ்வளவுதான். ஜக்கில் மொத்தமாகக் கூல்டிரிங்ஸைக் கலந்து வைக்காதீர்கள், இரண்டாவது பந்திக்கே கேஸ் இருக்காது. பக்கத்தில் தட்டு வடை செட் (தட்டைகளுக்கு நடுவே சட்னியும் காய்த் துருவலும் வைத்தது) வைத்தால் அந்தக் காரத்துக்கு இந்தப் புளிப்பு நன்றாகப் பிடிக்கும். கரைசல் மிஞ்சினால் மறுநாள் வரை வைத்துக்கொள்ளலாம், அதற்கு மேல் எலுமிச்சை கசக்கும்.